ஃபாவாவும் கொத்தமல்லியும்: ஒரு போர்ச்சுகீசியச் சட்டியின் சொல்வரலாறு

ஏப்ரல், மே மாதங்களில் போர்ச்சுகலின் தென்பகுதியான அலென்டெஜுவின் சந்தைகளில் ஃபாவாக் காய்கள் வந்து குவியும். ஒரு சாண் நீளத்துக்குத் தடித்த பச்சைத் தோல். அதனுள் பஞ்சுபோன்ற வெண்படுகையில் தட்டையான நான்கைந்து விதைகள். தமிழ் மொழிபெயர்ப்புகளில் இதனை அவரை என்றோ மொச்சை என்றோ எழுதிச் செல்வது வழக்கம். அவையிரண்டும் லாப்லாப் இனத்தைச் சேர்ந்தவை. ஃபாவாவோ விசியா என்னும் வேறொரு பேரினத்தைச் சேர்ந்தது. வட இந்தியாவில் 'பாக்லா' என்ற பெயரில் விற்கப்படுவது இதுவே. அப்பெயர் 'பாகில்லா' என்னும் அரபுச் சொல்லின் வழிவந்தது.

இக்காயைக் கொண்டு அங்கே செய்யப்படும் மிக எளிய பண்டம் 'ஃபாவாஷ் கொன் கொயென்த்ருஷ்'. பொருள்: கொத்தமல்லியுடன் ஃபாவா. தோலோடு இரண்டு கிலோ வாங்கினால் உரித்தபின் அரைக் கிலோவுக்குச் சற்றுக் கூடுதலாகத் தேறும். இளம் விதையாயின் அப்படியே சட்டியில் இடலாம். முற்றியதாயின் விதையின் முனையிலுள்ள கருங்கண்ணைக் கிள்ளிவிட்டு, மேல்தோலைக் கீற வேண்டும். அடிகனத்த சட்டியில் ஆலிவ் எண்ணெய் தாராளமாக ஊற்றப்படுகிறது. சீவிய பூண்டு சிவக்கும் முன்பே விதைகளும், கொத்தமல்லித் தண்டுகளைக் கட்டிய சிறுகட்டும், பூண்டுத்தாளும், உப்பும், கைப்பிடியளவு நீரும் சேர்கின்றன. மூடி இறுக்கப்படுகிறது. இதன்பின் கரண்டி உள்ளே போகக் கூடாது என்பது அப்பகுதிப் பெண்களின் கண்டிப்பான விதி. கிளறினால் ஃபாவா கறுத்துவிடும் என்பர். சட்டியின் இரு காதுகளையும் பற்றிக் குலுக்குவதே முறை. கால்மணி நேரத்தில் விதை வெந்ததும் தண்டுக்கட்டை எடுத்தெறிந்துவிட்டு, நறுக்கிய இலைகளை அள்ளித் தூவி இறக்குகிறார்கள். இலையின் மணத்துக்குக் காரணமான ஆல்டிஹைடுகள் வெப்பத்தில் ஓடிவிடுபவை. ஆகவே தண்டு முதலில், இலை கடைசியில். சிலர் துளி வினிகர் விடுவர். அருகில் லெட்யூஸ் இலைக் கலவை, ரொட்டி. அவ்வளவே.

இந்தச் சட்டியைப் பற்றிச் சமையல் எழுத்திலும் சுற்றுலாக் கையேடுகளிலும் திரும்பத் திரும்பச் சொல்லப்படும் விளக்கம் ஒன்றுண்டு: "கொத்தமல்லி மூர்கள் கொண்டுவந்தது." ஐரோப்பாவின் பிற நாடுகள் பார்ஸ்லி இலையோடு நின்றுவிட, போர்ச்சுகலின் தெற்கு மட்டும் பச்சைக் கொத்தமல்லியை இவ்வளவு தாராளமாகப் பயன்படுத்துவதற்கு இஸ்லாமிய ஆட்சிக்காலமே காரணம் என்பது இதன் சாரம். கேட்பதற்குப் பொருத்தமாகத் தோன்றும் இவ்விளக்கத்தைச் சொற்களைக் கொண்டும் நூல்களைக் கொண்டும் சோதிக்கும்போது கிடைக்கும் சித்திரம் இதைவிடச் சிக்கலானது. ஓரளவு வேதனை தருவதும்கூட.

முதலில் ஃபாவா. இதன் காட்டு மூதாதை இன்று உயிரோடு இல்லை. இஸ்ரேலின் கார்மல் மலையில் எல்-வாத் என்னுமிடத்தில் கிடைத்த ஏறத்தாழ 14,000 ஆண்டுப் பழமையான விதைகளே அதன் எச்சமாகக் கருதப்படுகின்றன. அங்கிருந்து மத்தியதரைக் கடற்கரை நெடுகப் பரவிய பயிர் இது. இலத்தீனில் 'ஃபாபா', போர்ச்சுகீசியத்தில் 'ஃபாவா'. இரண்டு உயிர்களுக்கிடையே நின்ற பகரம் வகரமானதைத் தவிர இரண்டாயிரம் ஆண்டுகளில் சொல்லில் வேறு மாற்றம் இல்லை. இன்றைய காதிஸ் நகரில் பிறந்த உரோமானிய வேளாண் நூலாசிரியர் கொலுமெல்லா, மண்ணுக்கு உரமூட்டும் பயிர்களுள் ஒன்றாக இதனைப் பேசுகிறார். போர்ச்சுகீசியரின் அன்றாடப் பேச்சிலும் ஃபாவா வேரூன்றியிருக்கிறது. ஐயத்துக்கிடமின்றி நடக்கப்போகும் ஒன்றை 'எண்ணி வைத்த ஃபாவா' என்பர். பிறர் குற்றத்துக்குத் தான் பழி சுமப்பதை 'ஃபாவாவுக்கு விலை கொடுத்தல்' என்பர். எரிச்சலூட்டுபவனை 'ஃபாவாவுக்குப் போ' என்று விரட்டுவர். கிறிஸ்துமஸ் காலத்து 'அரசர் அப்ப'த்தினுள் உலர்ந்த ஃபாவா ஒன்றை மறைத்து வைத்து, அது யார் பங்கில் அகப்படுகிறதோ அவரே அடுத்த அப்பத்தை வாங்கவேண்டும் என்பது வழக்கம். ஒரு சமூகம் நெடுங்காலம் உண்டு வாழ்ந்த பொருளே இவ்வாறு மரபுத்தொடர்களில் வந்து அமரும்.

இனிக் கொத்தமல்லி. இச்செடியின் பெயர் ஐரோப்பியப் பதிவுகளில் மிகப் பழமையானது. 1952இல் மைக்கேல் வென்ட்ரிஸ் படித்துக்காட்டிய லீனியர் பி எழுத்துகளில், மைசீனிய அரண்மனைகளின் இருப்புக் கணக்குகளிலேயே 'கொ-ரி-ய-த-ந' என்று இது இடம்பெறுகிறது. கிரேக்கத்திலிருந்து இலத்தீனுக்குச் சென்று 'கொரியாந்த்ரும்' ஆயிற்று. இலத்தீனில் ரகரத்துக்கு மாற்றாக லகரம் நின்ற 'கொலியாந்த்ரும்' என்னும் வடிவமும் உண்டு. ஸ்பானியத்தின் 'குலாந்த்ரோ', 'சிலாந்த்ரோ' ஆகியவை அதன் வழிவந்தவை. போர்ச்சுகீசியத்தின் ஒலிவரலாற்றில் உயிர்களுக்கிடையே நின்ற லகரம் மறைந்துபோவது பொதுவிதி. இலத்தீன் 'கொலோர்' (நிறம்) 'கோர்' ஆனதும், 'தொலோர்' (வலி) 'தோர்' ஆனதும் இவ்விதியாலேயே. 'கொலியாந்த்ரும்' என்பது 'கொயென்த்ரு' ஆனதையும் இவ்வழியில் விளக்கினால் ஒலியியலோடு இயல்பாகப் பொருந்துகிறது. இந்த லகர இழப்பு 12ஆம் நூற்றாண்டுக்குள் பெரும்பாலும் நிகழ்ந்து முடிந்த ஒன்று. அதாவது, போர்ச்சுகல் என்னும் அரசு தோன்றிய காலத்திலேயே இச்சொல் மக்கள் வாயில் புழங்கித் தேய்ந்திருந்தது. ஏடுகளிலிருந்து பின்னாளில் கடன்வாங்கிய சொற்கள் இவ்வாறு தேய்வதில்லை.

சொல்லோடு நூற்சான்றும் சேர்கிறது. அபிசியஸ் பெயரில் வழங்கும் உரோமானியச் சமையல் தொகுப்பு, கி.பி. 4-5ஆம் நூற்றாண்டளவில் இன்றைய வடிவம் பெற்றதாகக் கருதப்படுகிறது. அதன் பருப்பு, பயறு வகைகளுக்கான ஐந்தாம் பகுதியில் பச்சை ஃபாவாவுக்கு ஒரே வரியில் ஒரு குறிப்பு உள்ளது. மீன்சாறு, எண்ணெய், பச்சைக் கொத்தமல்லி, சீரகம், நறுக்கிய லீக் தாள் ஆகியவற்றோடு வேகவைத்துப் பரிமாறுக என்பது அதன் செய்தி. உப்புக்குப் பதிலாக மீன்சாறு, பூண்டுத்தாளுக்குப் பதிலாக லீக் என்பதைத் தவிர அலென்டெஜுவின் சட்டிக்கும் இதற்கும் தொலைவு அதிகமில்லை. அந்த மீன்சாறும் அயல்பொருளாக இருக்கவேண்டியதில்லை. இன்றைய செத்தூபல் நகரருகே உள்ள த்ரோயாவில் உரோமானியப் பேரரசின் மிகப்பெரிய மீன் உப்பிடு தொட்டிகளின் வரிசையை அகழாய்வுகள் வெளிக்கொணர்ந்துள்ளன.

ஆக, "மூர்கள் கொண்டுவந்தது" என்னும் கூற்று செடியைப் பொறுத்தவரை நிற்கவில்லை. எனினும் இதைக்கொண்டு "இது தூய உரோமானிய மரபு" என்று மறுகரைக்குத் தாவிவிடுவதும் பிழையே. சட்டியின் மூன்றாம் பொருளான எண்ணெய் அங்கே குறுக்கிடுகிறது.

போர்ச்சுகீசியத்தில் ஆலிவ் மரம் 'ஒலிவெய்ரா', இது இலத்தீன். அம்மரத்தின் காய் 'அஸெய்டோனா', எண்ணெய் 'அஸெய்ட்'. இவ்விரண்டும் அரபு, 'அஸ்-ஸெய்த்' என்பதன் வழிவந்தவை. மரத்தை நட்டவரின் மொழி ஒன்று, அதைப் பிழிந்து விற்றவரின் மொழி மற்றொன்று என்று எளிமையாகப் பிரித்துவிட முடியாது. உரோமானியர் காலத்திலேயே அங்கு ஆலிவ் எண்ணெய் ஆட்டப்பட்டது. ஆயினும் 711க்குப் பிந்தைய நூற்றாண்டுகளில் சந்தையின் மொழியும் அடுக்களையின் மொழியும் அரபாக இருந்ததை இப்பெயர்மாற்றம் காட்டுகிறது. பொருள் பழையது, வாழ்க்கை புதியது. தட்டின் ஓரத்து லெட்யூஸும் 'அல்ஃபாஸ்', அரபின் 'அல்-ஹஸ்'. கொறிக்கும் லூபின் பருப்பு 'த்ரெமோசு'. கிரேக்கத்திலிருந்து அரபுக்குச் சென்று, 'அத்-துர்முஸ்' என்றாகித் திரும்பி வந்தது. ரொட்டியின் மீது பூண்டும் கொத்தமல்லியும் இடித்துப் போட்டுச் சுடுநீர் ஊற்றி உண்ணும் அலென்டெஜு ஏழைகளின் 'அசோர்டா', குழம்பில் ரொட்டியை ஊறவைத்து உண்ணும் அரபு 'தரீத்' குடும்பத்துச் சொல்.

அந்தலூசிய அரபுச் சமையல் நூல்கள் பச்சைக் கொத்தமல்லியை நடத்தும் விதமும் இங்கே கருதத்தக்கது. 13ஆம் நூற்றாண்டு நூல்களில் 'தஃபாயா' என்னும் இறைச்சிக் குழம்புக்கு இரு வகைகள் உண்டு. உலர்ந்த கொத்தமல்லி விதையிட்டால் வெள்ளைத் தஃபாயா. பச்சை இலையைப் பிழிந்த சாற்றை விட்டால் பச்சைத் தஃபாயா. அபிசியஸ் தொகுப்பில் பல மணப்பொருள்களுள் ஒன்றாக நின்ற இலை, இங்கே உணவுக்கு நிறமும் பெயரும் தருமளவுக்கு உயர்ந்துவிட்டது. முர்சியாவில் பிறந்த இப்னு ரஸீன் அல்-துஜீபி இந்நூலாசிரியர்களுள் ஒருவர். கிறித்தவப் படைகளின் முன்னேற்றத்தால் ஊரைவிட்டு வெளியேறி, துனிஸில் குடியேறிய பின்னரே தம் சமையல் நூலைத் தொகுத்தார். பச்சை ஃபாவா, உலர்ந்த ஃபாவா ஆகியவற்றுக்கான சமையல்களும் அதிலுண்டு. நிலத்தை இழந்த ஒருவர் அந்நிலத்தின் சுவையை எழுத்தில் மீட்டுவைக்கும் முயற்சியாக அதனை வாசிக்க இடமுண்டு. ஆகவே மூர்கள் கொத்தமல்லியைக் கொண்டுவரவில்லை எனினும், அது மறையாமல் காத்து, அடுக்களையின் நடுவிடத்துக்கு நகர்த்தியதில் அவர்களுக்குப் பெரும்பங்கு உண்டு என்பதே சான்றுகளுக்கு நெருக்கமான முடிவு.

1147இல் லிஸ்பனும் 1249இல் ஃபாரோவும் கிறித்தவ அரசர் வசமாயின. முஸ்லிம்கள் உடனே மறைந்துவிடவில்லை. 1170இல் அஃபொன்சு ஹென்ரிக்கஸ் மன்னர் லிஸ்பன் முதலிய ஊர்களின் முஸ்லிம் குடிகளுக்குத் தனி உரிமைப்பட்டயம் வழங்கினார். 'மௌராரியா' எனப்பட்ட தனிச்சேரிகளில் அவர்கள் உழவராகவும் கைவினைஞராகவும் மூன்று நூற்றாண்டுகள் வாழ்ந்தனர். 1496 டிசம்பரில் மன்னர் முதலாம் மனுவெல் யூதரும் முஸ்லிம்களும் நாட்டைவிட்டு வெளியேற வேண்டும் என ஆணையிட்டதோடு அவ்வாழ்வு முடிந்தது. யூதர்களுள் பெரும்பாலோர் வெளியேற விடப்படாமல் 1497இல் வலிந்து திருமுழுக்குப் பெற்று, 'புதுக் கிறித்தவர்' ஆக்கப்பட்டனர். 1536இல் போர்ச்சுகலில் சமயக் குற்ற விசாரணை மன்றம் நிறுவப்பட்டது.

அந்த மன்றம் அடுக்களையைச் சாட்சிக்கூண்டில் ஏற்றியது. 1536ஆம் ஆண்டின் அறிவிக்கையில், புதுக் கிறித்தவரின் மறைவான யூத ஒழுக்கத்தைக் காட்டிக்கொடுக்கும் அடையாளங்களாகப் பன்றிக்கொழுப்பு, முயல், விலாங்கு, செதிலற்ற மீன் ஆகியவற்றை உண்ணாமை பட்டியலிடப்பட்டது. சனிக்கிழமைக்கான உணவை வெள்ளியன்றே சமைத்து வைப்பதும் குற்றத்தின் அடையாளமே. அயலாரும் பணியாளரும் கண்டதைச் சொல்லக் கடமைப்பட்டவர்கள். இத்தகைய சூழலில் பயற்றுச் சட்டியினுள் ஒரு துண்டு பன்றிக்கொழுப்பு விழுவதற்குச் சுவையும் மலிவும் காரணமாக இருந்திருக்கலாம். அச்சமும் காரணமாக இருந்திருக்கலாம். இரண்டையும் பிரித்தறிவதற்கு இன்று வழியில்லை.

இதே காலத்தின் மற்றொரு சான்று நேப்பிள்ஸ் நகரின் தேசிய நூலகத்தில் உள்ளது. 1565இல் பார்மா இளவரசர் அலெஸ்ஸான்த்ரோ ஃபர்னேசேயை மணந்த போர்ச்சுகல் இளவரசி மரியாவுடன் இத்தாலிக்குச் சென்ற கையெழுத்துப் படி அது. போர்ச்சுகீசிய மொழியில் கிடைக்கும் மிகப்பழைய சமையல் நூல் அதுவே. அதில் 'மூர் பாணிக் கோழி' என்றொரு சமையல் இருக்கிறது. கொத்தமல்லி, பார்ஸ்லி, புதினா, வெங்காயம் ஆகிய மூரியச் சாயல்கள் அதில் தெளிவாக உள்ளன. அவற்றோடு பன்றிக்கொழுப்பும் உள்ளது. பெயரளவில் மூர், ஆனால் எந்த மூரும் உண்ண இயலாத கோழி. மக்கள் வெளியேற்றப்பட்டபின் அவர்களுடைய மணம் மட்டும் அரண்மனைத் தட்டில் தங்கிவிட்டது.

இந்த விசாரணை முறை கடல் கடந்து இந்தியாவுக்கும் வந்தது. 1560இல் கோவாவில் தொடங்கிய மன்றம் இடையில் நான்கு ஆண்டுகள் நீங்கலாக 1812 வரை இயங்கியது. அதன் 1736ஆம் ஆண்டு ஆணை, உள்ளூர்க் கிறித்தவர் கைவிடவேண்டிய பழக்கங்களை அடுக்கும்போது, இந்துக்களைப்போல் உப்பிடாமல் சோறு வடிப்பதையும் தடைசெய்தது. லிஸ்பனில் பன்றிக்கொழுப்பு எந்த வேலையைச் செய்ததோ, அதே வேலையைக் கோவாவில் உலையில் இடும் உப்பு செய்தது.

கடல்வழிகள் மற்றொரு குழப்பத்தையும் கொண்டுவந்தன. இன்று 'பீன்ஸ்' என்று உலகெங்கும் அறியப்படும் ஃபெசியோலஸ் வல்காரிஸ் அமெரிக்கக் கண்டத்துப் பயிர். 1492க்கு முன் ஐரோப்பியர் எவரும் அதைக் கண்டதில்லை. ஆனால் அதன் போர்ச்சுகீசியப் பெயரான 'ஃபெய்ஜாவ்' இலத்தீன் 'ஃபசியொலுஸ்' என்பதன் வழிவந்தது. உரோமானியர் தாம் காணாத பயிருக்கு எவ்வாறு பெயரிட்டனர்? அவர்கள் பெயரிட்டது வேறொன்றுக்கு. ஆப்பிரிக்காவில் தோன்றிய தட்டைப்பயறு, அதாவது காராமணியே பழைய 'ஃபசியொலுஸ்' என்பது தாவர வரலாற்றாய்வாளர் பெரும்பாலோரின் கருத்து. அமெரிக்கப் பயறு வந்ததும் அப்பெயரை எடுத்துக்கொண்டது. உரியவர் பெயரின்றி நின்றார். பின் அதற்கு ஓர் அடைமொழி சேர்த்து 'ஃபெய்ஜாவ் ஃப்ராட்', அதாவது 'துறவிப் பயறு' என்று அழைத்தனர். விதையின் கருங்கண் துறவியரின் கோலத்தை நினைவூட்டியதே காரணம் என்பர். 1753இல் லின்னேயஸ் அமெரிக்க இனத்துக்கே ஃபெசியோலஸ் என்ற பேரினப் பெயரைச் சூட்டியபோது அறிவியலும் அந்தக் கைமாற்றத்துக்கு முத்திரையிட்டது.

தமிழ் அறிந்தோருக்கு இந்நிகழ்வு விந்தையாகத் தோன்ற வேண்டியதில்லை. எள்ளின் நெய்யே 'எண்ணெய்'. நாளடைவில் அச்சொல் எல்லா வித்துகளின் நெய்க்கும் பொதுவானபோது, எள்ளின் எண்ணெய் 'நல்லெண்ணெய்' என அடைமொழி தேடிக்கொண்டது. போர்ச்சுகீசியர் வழியே வந்த புதுக்காய்க்கு மிளகின் பெயரைக் கொண்டே 'மிளகாய்' என்று பெயரமைந்தது; குமரி மாவட்ட வழக்கில் பழைய மிளகு 'நல்லமிளகு' ஆயிற்று. புதிதாக வந்தது பெயரை வாங்கிக்கொள்ள, பழையது அடைமொழியோடு ஒதுங்குவது மொழிகளின் பொது இயல்பு. இதே அளவுகோலால் பார்த்தால், ஸ்பானியத்தில் 'அசெய்தே' எல்லா எண்ணெய்க்கும் பொதுவாகிவிட, போர்ச்சுகீசிய 'அஸெய்ட்' இன்றும் ஆலிவ் எண்ணெயை மட்டுமே குறிக்கிறது. அங்கே பிற எண்ணெய்கள் 'ஓலியு' என்ற தனிப்பெயரில் ஒதுக்கி வைக்கப்பட்டுள்ளன.

புதிய ஃபெய்ஜாவ் வடக்கே மிகவிரைவாக வேரூன்றியது. மழைவளம் மிக்க மின்யு பகுதியில் மக்காச்சோளம் புதுப்பயிராகப் பரவியபோது, அதன் தண்டுகளைப் பற்றிக்கொண்டு இப்பயறும் ஏறியது. இரண்டையும் ஒரே நிலத்தில் சேர்த்து விதைப்பதே வழக்கமாயிற்று. வறண்ட தெற்கில் கோதுமை, ஃபாவா, கொண்டைக்கடலை என்ற பழைய வரிசை நீடித்தது. வடக்கே பார்ஸ்லி, தெற்கே கொத்தமல்லி என்று இன்றும் உணரப்படும் சுவைக்கோடு ஏறக்குறைய இந்தப் பயிர்க்கோட்டை ஒட்டியே செல்கிறது. சமய வரலாற்றைக்கொண்டு மட்டும் கொத்தமல்லியை விளக்குவோர் மழையையும் மண்ணையும் கணக்கில் சேர்ப்பதில்லை.

தெற்கின் மண்ணுக்கு மற்றொரு வரலாறும் உண்டு. அலென்டெஜு பெருநிலக்கிழார்களின் பகுதி. நிலமற்ற கூலிகள் விதைப்பிலும் அறுவடையிலும் மட்டும் வேலை பெற்று, குளிர்காலத்தில் வேலையின்றிக் கிடந்தனர். 1929இல் தொடங்கிய 'கோதுமை இயக்கம்' தானிய விளைச்சலைப் பெருக்க முனைந்தது. ஆதாயம் நிலவுடைமையாளருக்கும், கூலி பழையபடியும் அமைந்தன. இறைச்சி எட்டாத வீடுகளில் சட்டியை உண்ணத்தக்கதாக ஆக்கியவை, ஓடைக்கரையில் தானே முளைத்த 'போயெஜு' என்னும் காட்டுப் புதினாவும், கொல்லையில் தூவிவிட்ட கொத்தமல்லியும், பூண்டும்தாம். 1954 மே 19 அன்று பேஜா நகரருகே பலெய்ஸாவ் ஊரில், கூலி உயர்வு கேட்ட அறுவடைப் பெண்களுள் ஒருவரான கத்தரீனா எவுஃபேமியா குடியரசுக் காவற்படை அதிகாரியால் சுட்டுக்கொல்லப்பட்டார். அது ஃபாவாக் காய்கள் சந்தைக்கு வரும் மாதம்.

அதே ஆண்டுகளில் சலஸாரின் 'புதிய அரசு' ஏழ்மையின் எளிமையைத் தேசியப் பண்பாகப் போற்றியது. சுண்ணாம்பு பூசிய சிறுவீடு, மேசையில் ரொட்டி, இருப்பதில் நிறைவு என்பது அது பரப்பிய ஓவியம். பசித்தவரின் உணவு, பசியறியாதவரின் அழகியலாக மாறியது இங்கேதான். 1974 ஏப்ரல் 25இன் புரட்சியும், அதையடுத்து அலென்டெஜுப் பண்ணைகளைக் கூலிகள் கைப்பற்றியதும் அந்த ஓவியத்தைச் சிலகாலம் கலைத்தன. 1982இல் மரியா த லூர்தெஸ் மொதெஸ்து வெளியிட்ட 'போர்ச்சுகலின் மரபுச் சமையல்' பகுதி வாரியாக வீட்டுச் சமையல்களைப் பதிவுசெய்து பெருந்தொண்டாற்றியது. 2013இல் யுனெஸ்கோவின் மத்தியதரை உணவுமுறைக்கான மரபுப் பட்டியலில் போர்ச்சுகலும் சேர்க்கப்பட்டு, அல்கார்வ் பகுதியின் தவீரா அதன் பிரதிநிதி ஊராயிற்று. இன்று ஃபாவாச் சட்டி உடல்நலத்தின் சின்னம். பயறு, ஆலிவ் எண்ணெய், பச்சிலை என்று அதன் பெருமை பேசப்படுகிறது. அந்த மூன்றோடு வாழ்ந்தவர்களுக்கு வேறு தேர்வு இருந்ததா என்னும் கேள்வி அப்பெருமைப் பேச்சில் பெரும்பாலும் எழுவதில்லை.

இவ்வரலாற்றிலிருந்து ஆய்வு மாணவர் எடுத்துக்கொள்ளத்தக்க முறையியல் எச்சரிக்கைகள் இரண்டு. ஒன்று, சொல்லின் பிறப்பைப் பொருளின் பிறப்பாகக் கொள்ளலாகாது. எண்ணெயின் பெயர் அரபு, எண்ணெய் அரபுக்கு முந்தையது. 'ஃபெய்ஜாவ்' இலத்தீன், அப்பயறு இலத்தீனுக்குத் தெரியாதது. மற்றொன்று, இரு முனைகளில் ஒரே சமையல் காணப்படுவதால் இடையில் அறுபடாத தொடர்ச்சி இருந்ததென நிறுவப்பட்டதாகாது. அபிசியஸ் தொகுப்பின் ஒற்றை வரிக்கும் இன்றைய அலென்டெஜுவுக்கும் இடையே அரபு அடுக்களைகள், மௌராரியாச் சேரிகள், விசாரணை மன்றங்கள், பசித்த குளிர்காலங்கள் எல்லாம் கிடக்கின்றன. சமைத்தவருள் மிகப்பெரும்பாலோர் எழுதத் தெரியாத பெண்கள். எஞ்சியிருப்பவை அரண்மனை ஏடும், குற்றப்பட்டியலும், தேய்ந்த சில சொற்களும்.

சமையல் நூல்களில் 'ஃபாவாஷ் ஆ போர்த்துகேசா', அதாவது 'போர்ச்சுகீசியப் பாணி ஃபாவா' என்ற தலைப்பில் வருவது, பன்றிக்கொழுப்பும் சோரிசு தொத்திறைச்சியும் கலந்த சட்டி. 'மூர் பாணிக் கோழி'யிலும் பன்றிக்கொழுப்பு. 'பாணி' என்று ஒரு மக்களின் பெயரைச் சூட்டிய இடங்களிலெல்லாம் யார் உள்ளே, யார் வெளியே என்னும் வழக்கு நடந்திருக்கிறது. வெறும் எண்ணெயும் பூண்டும் இலையுமாய்ச் செய்யப்படும் எளிய சட்டிக்கு மட்டும் எந்நாட்டின் பெயரும் இல்லை. கொத்தமல்லியுடன் ஃபாவா என்பதே அதன் முழுப்பெயர். உரோமானியர், முஸ்லிம், யூதர், கிறித்தவர் என எவரும் விலக்கின்றி உண்ணக்கூடியதாக அது எஞ்சியிருக்கிறது. கரண்டி படாமல், சட்டியைக் குலுக்கியே இன்றும் சமைக்கப்படுகிறது.